ஒரு செல்போனும் ஓர் அழைப்பும்: ஸ்பிரிங் வேலி பள்ளி குறித்த நிகழ்வு ஆய்வு

2015ஆம் ஆண்டு அக்டோபர் 26, திங்கட்கிழமை. அமெரிக்காவின் தென் கரோலினா மாநிலத் தலைநகரான கொலம்பியாவின் வடகிழக்குப் பகுதியில் உள்ள ஸ்பிரிங் வேலி உயர்நிலைப் பள்ளியில் அல்ஜீப்ரா வகுப்பு நடந்துகொண்டிருந்தது. 16 வயது மாணவி ஒருவர் செல்போனைக் கையில் வைத்திருந்தார். அதைக் கொடுக்கும்படி ஆசிரியர் கேட்டார், மாணவி கொடுக்கவில்லை. வகுப்பைவிட்டு வெளியே போகச் சொன்னார், போகவில்லை. ஆசிரியர் பள்ளி நிர்வாகி ஒருவரை வரவழைத்தார். அவர் சொல்லியும் மாணவி இடத்தைவிட்டு எழவில்லை. அதன்பின், அந்தப் பள்ளியிலேயே பணியமர்த்தப்பட்டிருந்த காவலர் அழைக்கப்பட்டார்.

அந்த வகுப்பின் இருக்கைகளைப் பற்றிச் சற்று விளக்க வேண்டும். பின்னால் நடந்ததைப் புரிந்துகொள்ள அது தேவை. நம் பள்ளிகளில் பெஞ்சு தனி, டெஸ்க் தனி. அமெரிக்க உயர்நிலைப் பள்ளிகள் பலவற்றில் நாற்காலியும் எழுதும் பலகையும் ஒரே இரும்புச் சட்டத்தில் பிணைந்திருக்கும். உட்காருகிறவர் பக்கவாட்டில் நுழைந்து, பலகைக்கும் முதுகுச் சாய்மானத்துக்கும் நடுவே அடங்கிக்கொள்ள வேண்டும். அப்படி உட்கார்ந்திருப்பவரை முன்னால் இழுத்தால் பலகை தடுக்கும். பின்னால் தள்ளினால் நாற்காலி, பலகை, ஆள் என எல்லாம் சேர்ந்து சாயும்.

வந்தவர் ரிச்லண்ட் கவுண்டி ஷெரிஃப் துறையைச் (அந்த மாவட்டத்தின் காவல் துறை) சேர்ந்த பென் ஃபீல்ட்ஸ். எழுந்து வரும்படி மாணவியிடம் சொன்னார், மாணவி மறுத்தார். ஃபீல்ட்ஸ் அவருடைய கழுத்தைச் சுற்றிக் கையைப் போட்டு, இருக்கையோடு சேர்த்துப் பின்பக்கமாகக் கவிழ்த்தார். தரையில் விழுந்தவரை இருக்கையிலிருந்து பிடுங்கி, வகுப்பறையின் முன்பக்கம் நோக்கித் தரையோடு இழுத்தெறிந்து, கைவிலங்கு பூட்டினார். சக மாணவர்கள் இதைத் தம் செல்போன்களில் படமெடுத்தார்கள். எல்லாம் சில வினாடிகளில் முடிந்துவிட்டது.

அதே வகுப்பில் இருந்த 18 வயது மாணவி ஒருவர் உரக்கக் குரல் கொடுத்துக் கண்டித்தார். மற்றவர்களைப் படமெடுக்கும்படி சொன்னார். அவரும் கைது செய்யப்பட்டார். வயது 18 ஆகிவிட்டதால் பெரியவர்களுக்கான தடுப்புக்காவல் மையத்துக்குக் கொண்டுசெல்லப்பட்டு, சில மணி நேரம் அங்கே வைக்கப்பட்டார். அவருக்கு விதிக்கப்பட்ட ஜாமீன் தொகை 1,000 டாலர். அதன்பின் அவர் அந்தப் பள்ளிக்குத் திரும்பவில்லை. பள்ளி இறுதிச் சான்றுக்கு இணையான தேர்வை வெளியிலிருந்து எழுதித் தேறினார். இருக்கையோடு கவிழ்க்கப்பட்டவர்மீதும், அதைப் பார்த்துக் குரல் கொடுத்தவர்மீதும் சுமத்தப்பட்ட குற்றம் ஒன்றே: பள்ளிகளுக்கு இடையூறு செய்தல்.

காணொளி அன்றைக்கே நாடெங்கும் பரவியது. காவலரின் முரட்டுத்தனம், அவர் வெள்ளையர், மாணவியர் இருவரும் கறுப்பினத்தவர் என்பவையே பேச்சில் முன்னின்றன. அவை பேசப்பட வேண்டியவைதாம். ஆனால் இந்த நிகழ்வைப் படித்த அளவில், நாற்காலி கவிழ்ந்த வினாடிகளைவிட அதற்கு முந்தைய ஓர் அழைப்புதான் ஆராயப்பட வேண்டியது என்ற முடிவுக்கே நான் வருகிறேன். செல்போனைக் கொடுக்க மறுத்த ஒரு சிறுமிக்காகத் துப்பாக்கி அணிந்த காவலரைக் கூப்பிடலாம் என்று அந்தப் பள்ளிக்கு ஏன் தோன்றியது? வந்தவர் வழக்குப் பதிந்து கைது செய்ய எந்தச் சட்டம் இடம் கொடுத்தது? பள்ளிகளில் காவலர்களை நிறுத்தலாமா கூடாதா என்ற விவாதம் அமெரிக்காவில் இன்றும் ஓயவில்லை. அந்த விவாதத்துக்குள் நுழைய இந்த இரு கேள்விகளே நல்ல வாசல் என்பது என் எண்ணம்.

காவலர் பள்ளிக்குள் வந்த வழி

பள்ளியில் காவலரை நிரந்தரமாக அமர்த்தும் முறை 1950களில் மிச்சிகன் மாநிலத்தின் ஃபிளின்ட் நகரில் தொடங்கியது. மாணவர்களுக்கும் காவல் துறைக்கும் இடையே நல்லுறவை வளர்ப்பதே அப்போது சொல்லப்பட்ட நோக்கம். பல பத்தாண்டுகள் அது ஒரு சிறு முயற்சியாகவே இருந்தது. 1990களில் இளையோர் குற்றம் பற்றிய அச்சம் நாடு முழுவதும் பரவியது. 1994இல் துப்பாக்கியற்ற பள்ளிகள் சட்டம் வந்தது. துப்பாக்கி கொண்டுவந்த மாணவரைக் குறைந்தது ஓராண்டு விலக்க வேண்டும் என்றது. அந்தக் கண்டிப்பு மெல்ல மெல்லச் சிறு தவறுகளுக்கும் இறங்கியது.

1999 ஏப்ரல் 20 அன்று கொலராடோவின் கொலம்பைன் உயர்நிலைப் பள்ளியில் 12 மாணவர்களும் ஓர் ஆசிரியரும் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அதன்பின் மத்திய அரசு பள்ளிக் காவலர் நியமனத்துக்கு நிதியை வாரி வழங்கியது. 2005 வரை நடந்த அந்தத் திட்டத்தில் 75 கோடி டாலருக்கு மேல் செலவிட்டு 6,500க்கும் அதிகமான காவலர்கள் பள்ளிகளில் அமர்த்தப்பட்டார்கள். ஸ்பிரிங் வேலி நிகழ்வு நடந்த 2015-16 கல்வியாண்டில், நாட்டின் அரசுப் பள்ளிகளில் ஏறத்தாழப் பாதியில் வாரம் ஒரு நாளாவது காவலர் இருந்தார்.

இவர்களுக்கு அங்கே வழங்கும் பெயர் ஸ்கூல் ரிசோர்ஸ் ஆஃபீசர் என்பது. இவர்களின் தேசியச் சங்கம் மூன்று வேலைகளை இவர்களுக்குரியதாகச் சொல்கிறது: சட்டத்தைக் காப்பது, மாணவர்களுக்கு வழிகாட்டுவது, சட்ட அறிவைக் கற்பிப்பது. பள்ளியின் அன்றாட ஒழுங்கு நடவடிக்கைகளில் இவர்கள் தலையிடக் கூடாது என்பதும் அதே சங்கத்தின் நிலைப்பாடு. காவலர்களைப் பள்ளியில் வைக்க வேண்டும் என்று வாதிடுவோரின் அமைப்பே இந்தக் கோட்டைக் கிழித்து வைத்திருக்கிறது என்பதைக் கவனிக்க வேண்டும். ஸ்பிரிங் வேலியில் அந்தக் கோடு எங்கேயும் தென்படவில்லை.

நம் வீடுகளில் சாப்பிட மறுக்கும் குழந்தையிடம் “போலீஸ்காரரிடம் பிடித்துக் கொடுத்துவிடுவேன்” என்று சொல்வதுண்டு. வீட்டு வாசலில் போலீஸ்காரர் நிற்பதில்லை என்பதால்தான் அது வெறும் மிரட்டலோடு முடிகிறது. பள்ளி நடைக்கூடத்திலேயே ஒருவர் நாள் முழுதும் நின்றால், வாக்குவாதத்தில் களைத்துப்போன ஆசிரியருக்கு அவர் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறார். நான் அந்த ஆசிரியரைக் குறைசொல்ல இதை எழுதவில்லை. முப்பது பிள்ளைகள் பார்த்துக்கொண்டிருக்க, ஒருவர் சொல்பேச்சைக் கேட்க மறுக்கும்போது வகுப்பு நடத்துபவருக்கு ஏற்படும் அவமானமும் பதற்றமும் எளியவை அல்ல. அந்தப் பதற்றம் தணிவதற்குச் சில நிமிடங்கள் போதும். காவலர் அருகிலேயே இருக்கும்போது அந்தச் சில நிமிடங்கள் கிடைக்காமல் போகின்றன.

1919ஆம் ஆண்டின் சட்டம்

மாணவியர் இருவர்மீதும் பாய்ந்த சட்டத்தின் வரலாறு விரிவாகச் சொல்லத் தக்கது. அது முதலில் இயற்றப்பட்டது 1919இல். பெண்கள் பயிலும் கல்வி நிலையங்களுக்குள் வெளியாட்கள் நுழைந்து மாணவியருக்குத் தொல்லை கொடுப்பதைத் தடுப்பதே அதன் நோக்கமாக இருந்தது. மாணவியரைக் காக்க வந்த சட்டம் அது. காலப்போக்கில் அது எல்லாப் பள்ளி, கல்லூரிகளுக்கும் விரிந்தது. வெளியாள், உள்ளாள் என்ற வேறுபாடு மறைந்தது. எந்த வகையிலாவது, எந்த இடத்திலாவது மாணவர்களுக்கோ ஆசிரியர்களுக்கோ இடையூறு செய்வது குற்றம் என்றும், பள்ளி வளாகத்தில் அருவருக்கத்தக்க முறையில் நடந்துகொள்வது குற்றம் என்றும் அதன் வாசகம் கூறியது. தண்டனை 1,000 டாலர் வரை அபராதம் அல்லது 90 நாள் வரை சிறை.

இந்த வாசகத்தை ஒரு வகுப்பறையில் வைத்துப் பார்த்தால் அதன் விபரீதம் விளங்கும். பாடம் நடக்கும்போது பக்கத்து இருக்கைக்காரரோடு பேசுவது இடையூறு. பலமாகச் சிரிப்பது இடையூறு. முகத்தைத் திருப்பிக்கொண்டு பதில் சொல்லாமல் உட்கார்ந்திருப்பதுகூட, ஆசிரியர் பாடத்தை நிறுத்த நேர்ந்தால், இடையூறுதான். வளரிளம் பருவத்தில் இவற்றில் ஒன்றையேனும் செய்யாத பிள்ளை உலகில் இல்லை. ஆக, எல்லாப் பிள்ளைகளும் குற்றம் செய்தவர்கள். யாரைப் பிடிப்பது என்பது அழைப்பவர், பிடிப்பவர் ஆகியோரின் மனப்போக்கைப் பொறுத்தது. தென் கரோலினாவில் இந்தச் சட்டத்தின் கீழ்க் கறுப்பின மாணவர்கள்மீது வழக்குப் பதிவாகும் வாய்ப்பு வெள்ளை மாணவர்களைவிட ஏறத்தாழ நான்கு மடங்காக இருந்தது. 2010க்கும் 2016க்கும் இடையில் 8 வயதிலிருந்து 18 வயது வரையிலான ஏறத்தாழ 9,500 பேர் இதன் கீழ்ச் சிறார் நீதித் துறைக்கு அனுப்பப்பட்டதாகப் பின்னர் தொடரப்பட்ட வழக்கில் எடுத்துக்காட்டப்பட்டது. எட்டு வயது என்பது மூன்றாம் வகுப்பு.

இதற்குத் துணையாக ஒழுங்கற்ற நடத்தைச் சட்டம் என்று மற்றொன்றும் இருந்தது. பொதுவிடத்தில் ஒழுங்கீனமாகவோ கூச்சலாகவோ நடந்துகொள்வதையும், பள்ளிக்கூடமோ தேவாலயமோ இருக்கும் இடத்தில் காதில் விழும் தூரத்தில் ஆபாசச் சொற்களைப் பேசுவதையும் அது குற்றமாக்கியது. பள்ளியின் பக்கத்தில் போகும் முரடனை மனத்தில் வைத்து எழுதப்பட்ட வாசகமாகவே அது தோன்றுகிறது. ஆனால் பள்ளிக்குள் படிக்கும் பிள்ளை நாள் முழுதும் அந்தக் காதில் விழும் தூரத்துக்குள்தான் இருக்கிறது.

அடுத்த சில நாட்கள்

நிகழ்வுக்கு மறுநாளே அமெரிக்க மத்தியப் புலனாய்வுத் துறையான எஃப்.பி.ஐ.யும் நீதித் துறையும் குடிமை உரிமை மீறல் குறித்து விசாரணை தொடங்கின. அக்டோபர் 28 அன்று ஷெரிஃப் லியோன் லாட், ஃபீல்ட்ஸைப் பணியிலிருந்து நீக்கினார். பிடித்து எறிந்தது பயிற்சியில் கற்றுத்தரப்படும் முறை அன்று என்பது அவர் கூறிய காரணம். மாணவி காவலரை அடிப்பது ஒரு காணொளியில் தெரிகிறது என்றும், அது காவலர் செய்ததை நியாயப்படுத்தாது என்றும் அவர் சொன்னார். வகுப்பில் இருந்த ஆசிரியரும் நிர்வாகியும் காவலர் நடந்துகொண்டது சரியே என்று தெரிவித்ததையும் அவரே வெளியிட்டார்.

அந்த அறிவிப்பின்போது லாட் எழுப்பிய மற்றொரு கேள்விக்கு உரிய கவனம் கிடைக்கவில்லை. காவலரை அழைத்திருக்கவே வேண்டுமா, ஆசிரியரும் நிர்வாகியுமே தீர்த்திருக்க முடியாதா, இந்த இடையூறுச் சட்டத்தைப் பள்ளிகள் தவறாகப் பயன்படுத்துகின்றனவா என்று அவர் கேட்டார். தன் துறையின் பொறுப்பைத் தட்டிக்கழிக்கும் பேச்சாக அதைச் சிலர் எடுத்துக்கொண்டார்கள். பள்ளிக்கு ஆள் அனுப்பும் துறையின் தலைவரே, அனுப்பிய ஆளைப் பள்ளி எதற்கெல்லாம் கூப்பிடுகிறது என்று வெளிப்படையாகக் கேட்டதை ஒரு சாட்சியமாகவே நான் எடுத்துக்கொள்கிறேன்.

அந்த வார இறுதிக்குள் வேறொன்றும் நடந்தது. அக்டோபர் 30 அன்று ஸ்பிரிங் வேலி மாணவர்கள் ஏறத்தாழ நூறு பேர் வகுப்புகளைவிட்டு வெளியே வந்து, ஃபீல்ட்ஸை மீண்டும் பணியில் சேர்க்க வேண்டும் என்று கேட்டார்கள். அவர்களில் கறுப்பின மாணவர்களும் இருந்தார்கள். ஃபீல்ட்ஸ் அந்தப் பள்ளியின் அமெரிக்கக் கால்பந்து அணிக்குப் பயிற்சி தந்தவர். அதற்கு முந்தைய ஆண்டு, தாம் பணிபுரிந்த ஒரு தொடக்கப் பள்ளியின் பாராட்டையும் விருதையும் பெற்றவர். இந்தச் செய்தி, காவலரை எதிர்ப்பவர்களுக்குச் சங்கடமானது. அதனாலேயே பல கட்டுரைகளில் அது விடுபட்டுப்போகிறது. விட்டுவிடக் கூடாது என்று நினைக்கிறேன். விளையாட்டுத் திடலில் பிள்ளைகள் தோளில் தட்டிக் கொடுக்கும் நல்ல பயிற்சியாளராக இருந்த ஒருவர், அல்ஜீப்ரா வகுப்புக்குள் நுழைந்ததும் கைது செய்யும் அதிகாரியாக மாறினார். அழைத்த காரியமும் கையில் இருந்த சட்டமும் அவரை அப்படி மாற்றின. கெட்டவர் ஒருவரை நீக்கிவிட்டு நல்லவரை அமர்த்தினால் போதும் என்று முடித்துவிட முடியாதபடி இந்த நூறு பேரின் வெளிநடப்பு நம்மைத் தடுக்கிறது.

2016 செப்டம்பரில் உள்ளூர் அரசு வழக்குரைஞர், ஃபீல்ட்ஸ்மீது குற்றவழக்குத் தொடரப் போதிய முகாந்திரம் இல்லை என்று அறிவித்தார். மாணவியர் இருவர்மீதான வழக்குகளும் அப்போது கைவிடப்பட்டன. 2017 ஜனவரியில் மத்திய நீதித் துறையும் வழக்கு இல்லை என்று முடித்தது. இதற்கிடையில், 2016 ஆகஸ்டில் ரிச்லண்ட் கவுண்டி ஷெரிஃப் துறை மத்திய நீதித் துறையோடு ஓர் உடன்பாட்டுக்கு வந்தது. பள்ளிக் காவலர்களுக்கு ஆண்டுதோறும் பயிற்சி, வெளி ஆலோசகரின் மேற்பார்வை முதலியவை அதன் கூறுகள். மாநிலக் கல்வித் துறையும் ஒரு பணிக்குழுவை அமைத்து, எந்த நிலையில் காவலரை அழைக்கலாம் என்பதை விதிகளில் வரையறுக்க முற்பட்டது.

கென்னி எதிர் வில்சன்

2016 ஆகஸ்டில், குரல் கொடுத்துக் கைதான அந்த 18 வயது மாணவி நியா கென்னியை முதல் மனுதாரராகக் கொண்டு அமெரிக்கக் குடிமை உரிமைகள் ஒன்றியம் (ஏ.சி.எல்.யூ.) மத்திய நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்தது. எதிர்மனுதாரர் மாநிலத் தலைமை வழக்குரைஞர் ஆலன் வில்சன். ஃபீல்ட்ஸ் இந்த வழக்கில் ஒரு தரப்பே அல்லர். வழக்கு முழுவதும் சட்டத்தின் வாசகத்தைப் பற்றியது: என்ன செய்தால் குற்றம் என்று ஒரு சாதாரண மனிதர் அறிந்துகொள்ள முடியாத அளவுக்கு அது தெளிவற்றது, ஆகவே அரசியலமைப்புக்கு முரணானது.

மற்ற மனுதாரர்களின் கதைகளை வாசித்தபோதுதான் இது ஒரு பள்ளியின் கதை அன்று என்பது எனக்கு உறைத்தது. ஒரு மாணவி, தாம் தொடங்காத கைகலப்பில், தமக்கு மட்டுமே காயம் ஏற்பட்ட நிலையில், இடையூறுக் குற்றச்சாட்டுக்கு ஆளானார். மற்றொருவர், பள்ளி நூலகத்தில் தம்மைக் கேலி செய்த மாணவரைத் திட்டினார். வெளியே வரும்படி தலைமை ஆசிரியர் சொன்னதைக் கேட்கவில்லை. ஒழுங்கற்ற நடத்தை என்று அவர்மீது வழக்குப் பதியப்பட்டது. கேலிக்கு ஆளான பிள்ளை வாய்விட்டுத் திட்டுவது பள்ளி அறிந்த மிகப் பழைய காட்சி. இருவரையும் தனித்தனியே உட்காரவைத்து ஒரு மணி நேரம் பேசினால் தீரக்கூடியது அது.

2017 மார்ச்சில் கீழ் நீதிமன்றம், இந்த மனுதாரர்களுக்கு வழக்குத் தொடரும் தகுதி இல்லை என்று தள்ளுபடி செய்தது. மீண்டும் இவர்கள்மீது இதே சட்டம் பாயும் என்பது ஊகம்தானே என்பது அதன் காரணம். 2018 மார்ச்சில் நான்காம் வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை மாற்றியது. பள்ளிக்குத் தினமும் போக வேண்டிய பிள்ளைகள், எதைச் செய்தால் வழக்கு வரும் என்று தெரியாமலே போக வேண்டியிருக்கிறது. அந்த அச்சம் ஊகம் அன்று என்றது.

அடுத்த இரண்டே மாதங்களில், 2018 மே மாதம், ஆளுநர் ஹென்றி மெக்மாஸ்டர் ஒரு திருத்தத்தில் கையெழுத்திட்டார். அதன்படி இடையூறுச் சட்டம் அந்தப் பள்ளியில் படிக்கும் மாணவர்களுக்குப் பொருந்தாது. வெளியாட்களுக்கு மட்டுமே பொருந்தும். தொண்ணூற்றொன்பது ஆண்டுகள் கழித்துச் சட்டம் தன் பிறந்த நோக்கத்துக்குத் திரும்பியது. எனினும் ஒழுங்கற்ற நடத்தைச் சட்டம் அப்படியே இருந்தது. ஏற்கெனவே பதியப்பட்ட வழக்குகளின் பதிவேடுகளும் அப்படியே இருந்தன. வேலைக்கோ கல்லூரிக்கோ விண்ணப்பிக்கும் ஒருவரைப் பின்தொடர்வது அந்தப் பதிவேடுதான். ஆகவே வழக்குத் தொடர்ந்தது.

2021 அக்டோபரில் மாவட்ட நீதிபதி மார்கரெட் சீமோர், பழைய இடையூறுச் சட்டம் தெளிவின்மையால் செல்லாது என்றும், ஒழுங்கற்ற நடத்தைச் சட்டத்தைத் தொடக்க, உயர்நிலைப் பள்ளி மாணவர்கள்மீது பயன்படுத்தக் கூடாது என்றும், அவற்றின் கீழான பழைய பதிவுகளை வைத்திருப்பதற்குக் கட்டுப்பாடு விதித்தும் தீர்ப்பளித்தார். 2023 பிப்ரவரி 22 அன்று நான்காம் வட்டார நீதிமன்றம் அதை உறுதிசெய்தது. ஒழுங்கற்ற நடத்தைச் சட்டத்தின் கீழ் மாநிலத்தில் கறுப்பினச் சிறார்மீது வழக்குப் பதியும் வாய்ப்பு வெள்ளையினச் சிறாரைவிட ஏழு மடங்கு இருந்ததையும் அது எடுத்துக்காட்டியது. அந்தச் சட்டத்தைச் சொல்லுக்குச் சொல் எடுத்துக்கொண்டால், இடைவேளை நேரத்தில் பள்ளி மைதானத்தைக் கடந்து போகும் எவரும் பெரியதொரு குற்றக் களத்தையே காண்பதாகும் என்ற பொருளில் நீதிபதி டோபி ஹெய்டன்ஸ் எழுதினார். இந்த விவகாரத்தில் நான் படித்தவற்றுள் மிகத் துல்லியமான வரி அது.

அச்சத்தின் நியாயம்

இத்தனைக்கும் பிறகு ஏன் பெற்றோர் பலர் காவலர் வேண்டும் என்கிறார்கள்? அவர்களுடைய அச்சம் பொய்யானது அன்று. 2018 பிப்ரவரி 14 அன்று ஃபுளோரிடாவின் பார்க்லண்டில் ஓர் உயர்நிலைப் பள்ளியில் 17 பேர் கொல்லப்பட்டார்கள். காலையில் அனுப்பிய பிள்ளை மாலையில் திரும்புமா என்று கலங்கும் தாயிடம் புள்ளிவிவரம் பேசுவது எளிதன்று. தென் கரோலினாவிலும் அதே ஆளுநர் மெக்மாஸ்டர், இடையூறுச் சட்டத்திலிருந்து மாணவர்களை விடுவித்த கையோடு, ஒவ்வொரு பள்ளிக்கும் ஒரு காவலர் வேண்டும் என்று நிதி கேட்டு வலியுறுத்தினார். பார்ப்பதற்கு முரணாகத் தோன்றும் இந்த இரண்டையும் சேர்த்தே படிக்க வேண்டும். துப்பாக்கிக்காரனுக்கு எதிராகக் காவலர். செல்போன்காரருக்கு எதிராக அல்ல என்பதே அவ்விரு நடவடிக்கைகளும் சேர்ந்து சொல்வது.

ஆனால் பார்க்லண்டில் ஆயுதம் ஏந்திய காவலர் ஒருவர் இருந்தார். துப்பாக்கிச் சூடு நடந்த கட்டடத்துக்குள் அவர் நுழையவில்லை. அதற்காகக் குற்றம் சாட்டப்பட்டு, 2023 ஜூனில் நடுவர் குழுவால் விடுவிக்கப்பட்டார். கொலம்பைனிலும் காவலர் இருந்தார். தொலைவிலிருந்து சுட்டும் தடுக்க முடியவில்லை. 2022 மே 24 அன்று டெக்சஸின் யுவால்டியில் 19 குழந்தைகளும் இரண்டு ஆசிரியர்களும் கொல்லப்பட்டபோது, அந்தப் பள்ளி மாவட்டத்துக்கென்றே (வட்டாரத்தின் அரசுப் பள்ளிகளை நடத்தும் அமைப்பு) தனிக் காவல் துறை இருந்தது. மொத்தம் 376 காவலர்கள் அங்கே திரண்டார்கள். கொலையாளியை எதிர்கொள்ள 77 நிமிடங்கள் ஆயின. ஆராய்ச்சிகளும் இதற்கு ஒத்தே பேசுகின்றன. லூசி சோரன்சன் முதலியோர் நாடு தழுவிய தரவுகளை வைத்துச் செய்த ஆய்வில், காவலர் இருக்கும் பள்ளிகளில் கைகலப்பு போன்ற வன்முறைகள் குறைகின்றன, துப்பாக்கி தொடர்பான நிகழ்வுகள் குறையவில்லை, இடைநீக்கமும் கைதும் கூடுகின்றன, அவை கறுப்பின மாணவர்களிடம் கூடுதலாகக் கூடுகின்றன என்று தெரியவந்தது. கைகலப்புக் குறைவதையும் நான் சிறிதாக எண்ணவில்லை. தினமும் அடிவாங்கும் பிள்ளைக்கு அது பெரிய விடுதலை.

2020 மே மாதம் மினியாபொலிஸ் நகரில் ஜார்ஜ் ஃபிளாய்ட் என்ற கறுப்பினத்தவர் காவலர் ஒருவரால் கொல்லப்பட்டபின், அந்நகரின் கல்வி வாரியம் ஏறத்தாழ ஒரு வாரத்தில் காவல் துறையுடனான ஒப்பந்தத்தை முறித்தது. அடுத்து கொலராடோவின் டென்வரும் காவலர்களைப் படிப்படியாக விலக்க முடிவெடுத்தது. டென்வரில் அடுத்து நடந்தது எந்தத் தரப்பினரையும் நிம்மதியாக இருக்கவிடாது. 2023 மார்ச் 22 அன்று ஈஸ்ட் உயர்நிலைப் பள்ளியில் 17 வயது மாணவர் ஒருவர் நிர்வாகிகள் இருவரைச் சுட்டுக் காயப்படுத்தினார். அந்த மாணவரைத் தினமும் உடல் சோதனை செய்த பிறகே வகுப்புக்கு அனுப்புவது என்று ஏற்பாடு இருந்தது. அந்தச் சோதனையைச் செய்தவர்கள் காவலர்கள் அல்லர், பள்ளி ஊழியர்கள். அந்த ஆண்டு ஜூனில் காவலர்களைத் திரும்ப அழைக்க டென்வர் கல்வி வாரியம் வாக்களித்தது.

ஸ்பிரிங் வேலியையும் டென்வர் ஈஸ்ட்டையும் அருகருகே வைத்துப் பார்க்கிறேன். ஓரிடத்தில் ஆசிரியர் செய்ய வேண்டிய வேலைக்குக் காவலர் வந்தார். மற்றோரிடத்தில் காவலர் செய்ய வேண்டிய வேலையை ஊழியர்கள் செய்தார்கள். வேண்டுமா வேண்டாமா என்று மட்டும் கேட்கும் விவாதத்தில் இவ்விரண்டும் எதிரெதிர் அணிகளின் ஆயுதங்களாகின்றன. எதற்காக அழைப்பது என்று கேட்டால் இவை ஒரே பிழையின் இரு முகங்கள். அழைப்பின் எல்லையை எழுத்தில் வகுக்காத பள்ளியில் காவலரை நிறுத்தக் கூடாது என்பது என் உறுதியான கருத்து. ஆயுதம், உயிருக்கு ஆபத்து, பாலியல் தாக்குதல் போன்ற கடுங்குற்றம் என அந்த எல்லை குறுகியதாக இருக்க வேண்டும். அதற்கு வெளியே ஒருவர் அழைத்தால், வர மறுக்கும் உரிமையும் கடமையும் காவலருக்கு வேண்டும். அப்போது வருவதற்கு வேறு ஒருவரும் பள்ளியில் இருந்தாக வேண்டும். காவலர் உள்ள, ஆனால் ஆலோசகரோ செவிலியரோ உளவியலாளரோ சமூகப் பணியாளரோ ஒருவர்கூட இல்லாத பள்ளிகளில் நாடு முழுவதும் 1.4 கோடி மாணவர்கள் படிப்பதாகக் குடிமை உரிமைகள் ஒன்றியம் 2019இல் கணக்கிட்டது. அந்தப் பள்ளிகளில் ஆசிரியர் யாரைத்தான் அழைப்பார்?

தென் கரோலினாவில் இந்தக் கேள்வி மறுபடியும் வகுப்பறைக்கு வந்திருக்கிறது. மாநிலக் கல்வி வாரியம் 2024 செப்டம்பரில் ஒரு கொள்கையை ஏற்றது. அதன்படி 2025 ஜனவரி முதல் அரசுப் பள்ளிகளில் பள்ளி நேரம் முழுவதும் மாணவர்கள் செல்போனைப் பயன்படுத்தக் கூடாது. விதி நல்லது என்றே பல ஆசிரியர்களும் பெற்றோரும் கருதுகிறார்கள். எனக்கும் அதில் மறுப்பில்லை. அதை மீறும் மாணவருக்கு என்ன நடவடிக்கை என்பதை ஒவ்வொரு பள்ளி மாவட்டமும் தன் ஒழுங்கு விதிகளில் எழுதிக்கொள்ள வேண்டும். மாநிலத்தின் ஒவ்வொரு வகுப்பிலும் இனி ஏதேனும் ஒரு நாள் ஓர் ஆசிரியர் செல்போனைக் கேட்பார், ஒரு பிள்ளை கொடுக்க மறுக்கும். இடையூறுச் சட்டம் இப்போது அந்தப் பிள்ளையைத் தொடாது. காவலர் நடைக்கூடத்தில்தான் நிற்கிறார்.